மூன்றாம் பக்கத்தில் இல்லாத வரி

எங்கள் ஏரிக்கரை அம்மன் கோவிலின் தல வரலாற்றை எழுதியவன் நான். எட்டுப் பக்கம், வழவழப்பான தாள், அட்டையில் அம்மன், பின்னட்டையின் உள்பக்கத்தில் என் பெயரும் படிப்பும். அதில் உண்மையாக ஒரு வரியாவது இருக்கிறதா என்று கேட்டால், திருவிழா நடக்கும் மாதத்தைத்தான் காட்டமுடியும். கோவிலின் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. பெங்களூர் அல்சூர் ஏரியைச் சுற்றிச் சின்னதும் பெரியதுமாக எத்தனையோ கோவில்கள். அதில் ஒன்று என்று வைத்துக்கொள்ளுங்கள். கோவில் மேல் ஒரு குற்றமும் கிடையாது.

உண்மையான வரலாறு மிகச் சிறியது. வெள்ளைக்காரன் காலத்தில் ஒரு கோடையில் ஏரி வற்றிப்போக, தூர் வாருவதற்கு வடாற்காடு பக்கத்திலிருந்து கூலிக்கு ஆள் வந்தது. அந்தக் கூட்டத்தில் எங்கள் ஆட்களும் இருந்தார்கள். எங்கள் வீட்டுப் பெண் ஒருத்தியின் மண்வெட்டி சேற்றுக்குள் எதிலோ இடித்தது. தோண்டி எடுத்தால் முழ உயரத்தில் ஒரு கல். துடைத்துப் பார்த்தபோது முகம் மாதிரி தெரிந்ததாம். முகம்தானா என்று எனக்கு இன்றைக்கும் சந்தேகம் உண்டு, ஆனால் கும்பிடும்போது அந்தச் சந்தேகம் வருவதில்லை. குழியில் ஊறி நின்ற தண்ணீரை அவள் ஒரு குடத்தில் மொண்டு வந்து கல்லைக் கழுவி, கரையில் இருந்த வேப்பமரத்தடியில் நிறுத்தினாள். வேலை முடிந்தும் கூட்டத்தில் பாதிப்பேர் ஊர் திரும்பவில்லை. மர்பி டவுனில் குடிசை போட்டுக்கொண்டு, பட்டாளத்துக் குடியிருப்புகளில் கூட்டவும் கழுவவும் போனார்கள். இவ்வளவுதான்.

ஆடித் திருவிழாவில் முதல் குடம் என்று ஒரு வழக்கம் இருக்கிறது. காப்புக் கட்டிய மூன்றாம் நாள் காலையில், கல்லை எடுத்தவளின் வழியில் வந்த ஒரு பெண் ஏரிக்கு இறங்கி ஒரு மண்குடத்தில் தண்ணீர் மொண்டு வருவாள். அந்தத் தண்ணீர் அம்மன் மேல் விழுந்த பிறகுதான் மற்ற அபிஷேகம், கூழ், கரகம், கடைசி நாள் பூப்பல்லக்கு எல்லாம். வீட்டில் பிறந்த பெண்தான் எடுக்கவேண்டும், வந்த மருமகள் எடுக்கக்கூடாது. இப்போது ஏரியைச் சுற்றிக் கம்பிவேலி போட்டிருக்கிறார்கள், தண்ணீர் பச்சையாக நாறுகிறது. இருந்தாலும் முதல் குடம் ஏரித் தண்ணீர்தான். நான்காக மடித்த மஞ்சள் துணியில் வடிகட்டி எடுத்துவருவார்கள்.

முப்பத்தோரு வருடமாக அந்தக் குடத்தை எடுத்துவந்தவள் என் அக்கா.

இதைச் சொல்லுவதற்கு எனக்கு இத்தனை வயதாகியிருக்கிறது. எங்கள் அப்பா பட்டாளத்துக் கக்கூஸ்களைக் கழுவினார். நான் எல்லோரிடமும் "அப்பா மிலிட்டரியில் இருந்தார்" என்பேன். அது பொய்யும் இல்லை. அக்கா வீட்டுக்குப் பக்கத்திலிருந்த கன்னடப் பள்ளியில் நாலாவது வரை படித்துவிட்டு நின்றாள், பிறகு வீட்டுவேலைக்குப் போனாள். என்னைத் தமிழ்ப் பள்ளிக்கூடத்தில் சேர்த்தார்கள், படிப்பு ஏறியது, அரசாங்க உத்தியோகம் வந்தது, காக்ஸ் டவுனில் ஃபிளாட்டும் வந்தது. அக்கா இன்னும் மர்பி டவுனில் அதே வரிசை வீட்டில்தான் இருக்கிறாள். இரண்டுக்கும் நடுவில் இருபது நிமிட நடை. அந்த இருபது நிமிடத்தை நான் வெளிநாடு ஆக்கி வைத்திருந்தேன். வருடா வருடம் திருவிழாக் கூழை அவள் தூக்கில் கொண்டுவந்து எங்கள் கேட்டில் செக்யூரிட்டியிடம் கொடுத்துவிட்டுப் போவாள். "சார், உங்க வேலைக்காரம்மா குடுத்தாங்க" என்பார் அவர். நான் தூக்கை வாங்கிக்கொள்வேன். ஒரு தடவைகூட அவரைத் திருத்தியதில்லை.

வெளியில் எங்காவது போகவேண்டியிருந்தால் நான் முன்னால் போவேன், அவள் பத்தடி பின்னால் வருவாள். யார் சொல்லி இது ஆரம்பித்தது என்று தெரியவில்லை. நான் சொன்னதில்லை. சொல்லவேண்டிய அவசியம் வராதபடி அவளே பார்த்துக்கொண்டாள்.

கோவிலுக்குப் புது கமிட்டி வந்தது. தலைவர் நல்ல மனிதர், டைல்ஸ் வியாபாரம், கை சுத்தம், வாய் மட்டும் கொஞ்சம் நீளம். ஒரு வெள்ளிக்கிழமை பிரசாதம் வாங்கிக்கொண்டிருந்த என்னைப் பிடித்துக்கொண்டார்.

"சார், நம்ம கோவிலுக்கு ஒரு ஹிஸ்டரி புக் போடணும். இங்க எல்லாருக்கும் தமிழ் பேச வரும், எழுத வராது. உங்க தமிழ் ஏ-ஒன்னாம், உங்க ஆஃபீஸ்ல சொன்னாங்க. நீங்கதான் எழுதணும்."

"பாக்கறேன்."

"பாக்காதீங்க, எழுதுங்க. கொஞ்சம் கிராண்டா இருக்கட்டும். உங்களுக்குப் பூர்வீகம் எது சார்?"

"வேலூர் பக்கம்."

"அப்படியா, பெரிய மனுஷங்க ஊராச்சே" என்றார். எந்தப் பெரிய மனிதர்களை நினைத்துச் சொன்னார் என்று அவருக்குத்தான் தெரியும். நான் சிரித்துவைத்தேன்.

எழுத உட்கார்ந்தபோது முதலில் உண்மையைத்தான் எழுதினேன். இதைப் பெருமைக்காகச் சொல்லவில்லை. ஒரு பக்கம் எழுதி, படித்துப் பார்த்து, பின்னட்டையில் வரப்போகும் என் பெயரை நினைத்துப் பார்த்தேன். என் ஆபீஸ்காரர்கள் இதைப் படிப்பார்கள். தூர் வார வந்த கூலிகள், அவர்கள் வழி வந்தவர்கள் இன்ன தெரு, இன்ன வேலை. இவருக்கு இதெல்லாம் எப்படித் தெரியும் என்று யாராவது ஒருத்தர் யோசிப்பார். அந்த ஒருத்தரை நினைத்ததும் எனக்குக் கை ஓடவில்லை. காகிதத்தைக் கிழித்துப் போட்டுவிட்டு ஒரு சித்தரைக் கொண்டுவந்தேன். அவர் ஏரிக்கரையில் தவம் இருந்தார். வேட்டைக்கு வந்த ஒரு ராஜா அங்கே தங்க, அம்மன் அவர் கனவில் வந்தாள். பாதிக் கோவில்களுக்கு இந்தக் கனவு வந்திருக்கிறது, எங்கள் கோவிலுக்கும் வந்துவிட்டுப் போகட்டும் என்று விட்டுவிட்டேன். தலைவர் படித்துவிட்டுக் கண் கலங்கினார்.

அதோடு நின்றிருந்தால்கூட வெறும் கோழைத்தனம் என்று சொல்லித் தப்பித்திருப்பேன்.

புத்தகம் வந்த வாரம் அக்கா என்னை வீட்டுக்கு வரச் சொன்னாள். சாமிப்படத்துக்கு முன்னால் புத்தகத்தை வைத்து மஞ்சள் குங்குமம் வைத்திருந்தாள். அவளுக்குக் கன்னட எழுத்து தெரியும், பஸ் போர்டு படிப்பாள், கரண்ட் பில் படிப்பாள். தமிழ் எழுத்து ஒன்றும் தெரியாது. பெங்களூரில் எங்களைப்போல எத்தனையோ வீடுகளில் வாயில் இருப்பது தமிழ், கண்ணுக்குத் தெரிந்தது கன்னடம்.

"நீயே படிச்சிக் காட்டு தம்பி. பக்கத்து வூட்டுப் பொண்ண கூப்டலாம்னு பாத்தேன். நீ எழுதுனத நீயே படிச்சாத்தான் குஷியா இருக்கும்" என்றாள்.

படித்தேன். சித்தர் வந்தார், ராஜா வந்தார். அவள் கன்னத்தில் போட்டுக்கொண்டாள். மூன்றாம் பக்கத்துக்கு வந்தபோது கேட்டாள்.

"நம்மள எப்ப சொல்ற?"

அவள் முகத்தைப் பார்த்தேன். அந்த நிமிடம் நான் வாயைத் திறந்து "போடவில்லை அக்கா, எனக்கு வெட்கமாக இருந்தது" என்று சொல்லியிருக்கலாம். திட்டியிருப்பாள், அழுதிருப்பாள், அதோடு முடிந்திருக்கும். நான் குனிந்து, அச்சடித்த சித்தரின் மேல் விரலை வைத்துக்கொண்டு, இல்லாத ஒன்றைப் படித்தேன்.

"ஏரியில் தூர் வாரிய ஏழைப் பெண் ஒருத்தி அம்மனைக் கண்டெடுத்தாள். அன்று முதல் இன்றுவரை அவள் வீட்டுப் பெண்களே முதல் குடம் எடுத்துவருகிறார்கள்."

அவள் புத்தகத்துக்குப் பக்கத்தில் நகர்ந்து உட்கார்ந்தாள். பிறகு, "இன்னொரு வாட்டி படி" என்றாள்.

மறுபடி படித்தேன். இந்தத் தடவை "முதல் குடம் எடுக்கிறார்கள்" என்று வந்துவிட்டது. "எடுத்துவருகிறார்கள்னுதான முன்ன படிச்ச" என்றாள். ஆமாம் என்று திருத்திப் படித்தேன். எந்த இடம் என்று கேட்டாள். காட்டினேன். அந்தப் பக்கத்தின் ஓரத்தை மடித்துவைத்தாள். நான் புறப்படும்போது அவள் அடுப்பில் குழம்பைக் கிண்டிக்கொண்டே அந்த இரண்டு வரியை முணுமுணுத்துக்கொண்டிருந்தாள், மனப்பாடம் ஆகிவிட்டிருந்தது.

அந்த வருட ஆடியில் கமிட்டி ஒரு ஏற்பாடு செய்திருந்தது. ஏரித் தண்ணீர் சுத்தமில்லை, பூசை செய்யும் பட்டர் முகம் சுளிக்கிறார், அதனால் காவேரி பிறக்கும் இடத்திலிருந்தே வெள்ளிக் கலசத்தில் தண்ணீர் கொண்டுவந்துவிட்டார்கள். எனக்கு முன்கூட்டியே தெரியாது. தெரிந்திருந்தால் என்ன கிழித்திருப்பேன் என்பது வேறு விஷயம். மூன்றாம் நாள் காலையில் வழக்கம்போலக் கோவில் வாசலின் இடது பக்கத்தில், பூக்கடை ஓரமாக, அக்காவைத் தெரியாதவன் மாதிரி நின்றுகொண்டிருந்தேன்.

ஏரி கேட்டில் அவள் காவலாளியிடம் "அண்ணா, ஸ்வல்ப கேட் தெகீரி" என்று கன்னடத்தில் கேட்டைத் திறக்கச் சொல்வது நான் நின்ற இடம்வரை கேட்டது. கொஞ்ச நேரத்தில் பம்பைச் சத்தத்தோடு வந்தாள். மஞ்சள் புடவை முழங்கால் வரை நனைந்திருந்தது, இடுப்பில் குடம், வாயில் வேப்பிலை. வாசலில் தலைவர் கையைக் கூப்பிக்கொண்டு நின்றார்.

"அம்மா, தப்பா நெனைக்காதீங்க. இந்த வருஷம் காவேரித் தீர்த்தம் வந்திருக்கு. அது உள்ள போவட்டும். நீங்க இத வேப்பமரத்துக்கு ஊத்திடுங்க, அதுவும் அம்மன்தான்."

அவள் வேப்பிலையை எடுத்துவிட்டுப் பேசினாள். கோபமே இல்லை.

"மொத கொடம் எங்களுது சார். நீங்க புதுசு, தெரிஞ்சிருக்காது. நம்ம புக்லயே போட்டிருக்குது. மூணாம் பக்கம்."

அவர் கெட்டவர் இல்லை என்று சொன்னேனே. பக்கத்து மேஜையில் அடுக்கியிருந்த புத்தகங்களில் ஒன்றை எடுத்து மூன்றாம் பக்கத்தைப் புரட்டினார். மேலிருந்து கீழ்வரை பார்த்தார்.

"இதுல சித்தர் கதைதாம்மா இருக்கு."

"அதுக்குக் கீழ பாருங்கோ. ஏரியில் தூர் வாரிய ஏழைப் பெண் ஒருத்தி அம்மனைக் கண்டெடுத்தாள். அன்று முதல் இன்றுவரை அவள் வீட்டுப் பெண்களே முதல் குடம் எடுத்துவருகிறார்கள்." புத்தகத் தமிழில், ஓர் எழுத்துப் பிசகாமல் சொன்னாள்.

"இல்லையேம்மா."

"கீது சார். என் தம்பி எழுதுனது, அவனே எனக்குப் படிச்சிக் காட்டினான்." குடத்தை இடுப்பில் சரிசெய்துகொண்டு கையை நீட்டினாள். "அதோ, பூக்கடையாண்ட நிக்கறான் பாருங்கோ. அவனக் கேளுங்கோ."

முப்பத்தோரு வருடத்தில் முதல் தடவையாக அவள் என்னைக் கூட்டத்தில் தம்பி என்று காட்டினாள். எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். என் ஆபீஸ்காரர் ஒருவர் மனைவியோடு வந்திருந்தார், அவரும் பார்த்தார். தலைவர் என்னையும் அக்காவையும் மாறி மாறிப் பார்த்தார். "சார், இவங்க உங்க அக்காவா?" என்று கேட்டார். அதில் ஏளனம் ஒன்றும் இல்லை, வெறும் ஆச்சரியம்தான். அந்த ஆச்சரியத்துக்குத்தான் நான் ஆயுசு முழுக்கப் பயந்திருந்தேன்.

தலையை ஆட்டினேன்.

"அப்போ அந்த வரி?"

"பிரஸ்ல விட்டுப்போயிருக்கும்" என்றேன்.

"ப்ரூஃப் நீங்கதான சார் பாத்தீங்க?"

நான் அவர் கையிலிருந்த புத்தகத்தைப் பார்த்தேன். பம்பைக்காரர்கூட அடிப்பதை நிறுத்தியிருந்தார். அக்கா என்னைப் பார்த்தாள். அவ்வளவு நேரம் அவள் கண்ணில் இருந்த தைரியம் மெல்ல இறங்குவதை நான் பார்த்துக்கொண்டே இருந்தேன். மூன்றாம் பக்கத்தில் என்ன நடந்தது என்பது அவளுக்கு விளங்கிவிட்டது. எங்கே விரல் வைத்தேன், ஏன் இரண்டாம் தடவை தடுமாறினேன் எல்லாம் விளங்கிவிட்டது.

"ஆமா சார், பிரஸ்லதான் வுட்டிருப்பாங்கோ" என்றாள் தலைவரிடம். "அவன் நல்லாத்தான் எழுதுவான்."

சொல்லிவிட்டு வேப்பமரத்தடிக்குப் போய்க் குடத்தைக் கவிழ்த்தாள். தண்ணீர் மண்ணில் இறங்கும்வரை நின்று பார்த்தாள். பிறகு ஈரப்புடவையோடு தெருவில் இறங்கி நடந்தாள். வெள்ளிக் கலசம் மேளத்தோடு உள்ளே போனது. நான் பூக்கடை ஓரத்தைவிட்டு ஒரு அடிகூட எடுத்துவைக்கவில்லை.

கூழ் ஊற்றும்போது தலைவர் என்னைத் தனியாகக் கூப்பிட்டார். "நீங்க எழுதினத நம்பித்தான் சார் செஞ்சேன். அந்த ரெண்டு வரி இருந்திருந்தா அந்தம்மாவ வாசல்ல நிறுத்துவனா?" என்றார். திட்டியிருந்தால் எனக்குச் சௌகரியமாக இருந்திருக்கும்.

அன்று மாலையும் கேட்டில் கூழ்த் தூக்கு வந்திருந்தது. "உங்க வேலைக்காரம்மா" என்று செக்யூரிட்டி ஆரம்பித்தார். "எங்க அக்கா" என்றேன். அவர் எழுந்து நின்று, "மன்னிச்சிக்கோங்க சார்" என்றார். மன்னிப்புக் கேட்கவேண்டிய நான் தூக்கை வாங்கிக்கொண்டு லிஃப்டில் ஏறினேன். கூழ் தொண்டையில் இறங்கவில்லை என்றெல்லாம் எழுதமாட்டேன். பசித்தது, குடித்தேன்.

அதற்குப் பிறகு பத்து மாதம் அவள் வீட்டுப் பக்கம் போகவில்லை. போன் செய்தால் "சாப்டியா, சுகர் மாத்திரை போட்டியா" என்று எப்போதும்போலத்தான் பேசினாள். ஒரு வார்த்தை குத்திக்காட்டியிருந்தால் போயிருப்பேன்.

இந்த ஆனியில் தலைவர் போன் செய்தார். புத்தகம் தீர்ந்துவிட்டதாம், மறுபதிப்புப் போடப்போகிறார்களாம், ஞாயிற்றுக்கிழமை கமிட்டி கூடுகிறதாம். "திருத்தம் ஏதாவது இருந்தா கையெழுத்துப் போட்டுக் குடுங்க சார். அதப் பாத்துட்டு மொத கொடத்தப் பத்தி முடிவு பண்ணிடலாம்" என்றார். சித்தரையும் ராஜாவையும் அடித்துவிட்டு, மூன்றாம் பக்கத்தை முழுக்கப் புதிதாக எழுதினேன். பிறகு அதையே இன்னொரு தாளில் கன்னட எழுத்தில் எழுதினேன். பாஷை தமிழ், எழுத்து கன்னடம். நான் படித்துக் காட்டினால் இனி அவள் எப்படி நம்புவாள்? இதை அவளே படிக்கட்டும் என்று நினைத்தேன்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் மர்பி டவுனுக்குப் போனேன். அவள் அரிசி களைந்துகொண்டிருந்தாள். "வா, உக்காரு" என்றாள். மன்னித்துவிடு என்று சொல்லத்தான் போனேன், அதற்குப் பதிலாகத் தாளை நீட்டினேன். கையைத் துடைத்துக்கொண்டு வாங்கினாள். எழுத்தைப் பார்த்ததும் என்னை ஒரு தடவை நிமிர்ந்து பார்த்தாள். பிறகு கண்ணாடியைத் தேடி மாட்டிக்கொண்டு, விரலை வைத்து, எழுத்து எழுத்தாகக் கூட்டிப் படித்தாள். அரைப் பக்கம் படிக்கக் கால் மணி நேரம் ஆனது. தூர் வந்தது, மண்வெட்டி வந்தது, வேப்பமரம் வந்தது. கடைசி வரியில் விரல் நின்றது.

"'அன்று முதல் ஒரு குடும்பத்துப் பெண்களே'ன்னு கீது." விரலை எடுக்காமல் கேட்டாள். "ஒரு குடும்பம்னா யாரு தம்பி?"

சத்தியமாக அதை நான் வேண்டுமென்று செய்யவில்லை. யோசிக்காமலே கை அப்படி எழுதியிருக்கிறது. திருத்த உட்கார்ந்த இடத்திலும் நான் பூக்கடை ஓரத்தில்தான் நின்றிருக்கிறேன்.

பேனா கேட்டேன். காலண்டரில் சொருகியிருந்ததை எடுத்துக் கொடுத்தாள். இரண்டு தாளிலும் "ஒரு" என்பதை அடித்துவிட்டு "எங்கள்" என்று எழுதினேன். அதன் கீழே, இன்றைக்கு முதல் குடம் எடுத்துவருபவர் என் கூடப்பிறந்த அக்கா என்று ஒரு வரி சேர்த்துக் கையெழுத்துப் போட்டேன். அவள் அந்த வரியையும் விரல் வைத்துப் படித்தாள். கண்ணாடியைக் கழற்றிவைத்தாள்.

"கிளம்பு அக்கா, கமிட்டிக்கு நாம ரெண்டு பேருமே போய்க் குடுத்துடலாம்" என்றேன்.

"சரி" என்றாள். முகத்தைக் கழுவினாள், புடவைத் தலைப்பைச் சரிசெய்தாள், வாசல்வரை வந்து நின்றுகொண்டாள்.

"நீ முன்னாடி போ தம்பி. நான் பின்னால வரேன்."

அவள் அதை வருத்தமாகச் சொல்லவில்லை. வெயிலாக இருக்கிறது, குடை எடுத்துக்கொள் என்பதுபோலச் சொன்னாள். தெருவில் நாலைந்து பேர் எங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான் இறங்கவில்லை. அவள் செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே வரும்வரை அந்த வாசலிலேயே நின்றேன்.